அக்கி எழுதிய கால்

அழுகல் எனக்குப் பிடிக்காது. பிடிக்காததால்தான் நான் ஆளானேன் என்று சொன்னால் சிலர் சிரிப்பார்கள். சிரிக்கட்டும். இந்தக் கம்பம் பள்ளத்தாக்கில் திராட்சை போடுகிறவர்களில் எத்தனையோ பேர் நசுங்கினதையும் வெடித்ததையும் பெட்டியின் அடியில் போட்டு, மேலே மட்டும் நல்ல குலையாகப் பரப்பி லாரி ஏற்றுவதை நான் கண்ணால் கண்டிருக்கிறேன். என் பெயர் போட்ட பெட்டியில் அந்தக் கள்ளத்தனம் ஒரு நாளும் நடந்ததில்லை. மூணாப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன் நான். அடுத்தவன் பந்தலில் கூலிக்குக் கொடி கட்டினவன். இன்றைக்குச் சுருளிப்பட்டிப் பக்கம் சொந்தப் பந்தல், மாடி வீடு, வாசலில் கார். யார் கொடுத்தது? என் மூக்கு கொடுத்தது. மூடின பெட்டிக்குள் ஒரு பழம் புளித்திருந்தாலும் திறக்காமலே சொல்லிவிடுவேன். கேரளத்து வியாபாரிகள் இன்றைக்கும், "சேட்டன் மோந்து பாத்தாச்சா? அப்பச் சரி" என்றுதான் சரக்கை எடுப்பார்கள்.

அப்பேர்ப்பட்ட என் வீட்டுக்குள்ளேயே, மேலே அழகாகப் பரப்பி அடியில் அழுகலை ஒளித்து வைத்த கதை நடந்தது. அதை நினைத்தால் இப்போதும் எனக்குக் குமட்டுகிறது.

என் வீட்டுக்காரிக்குப் பல வருஷமாகச் சர்க்கரை. பந்தலில் பழைய கம்பியை மாற்றிக்கொண்டிருந்தபோது, அறுந்து கிடந்த துருக்கம்பி ஒன்று அவள் கெண்டைக்காலைக் கீறிவிட்டது. சின்னக் கீறல்தான். மஞ்சளைப் பத்துப் போட்டுவிட்டு வேலையைப் பார்த்தாள். நான் அந்த வாரம் வியாபார விஷயமாகக் கேரளா போயிருந்தேன். நான் ஊரில் இருந்திருந்தால் பின்னால் நடந்த எதுவும் நடந்திருக்காது. இதை நான் எங்கே வேண்டுமானாலும் சொல்லுவேன்.

நான் போன பின்பு கால் சிவந்து வீங்கி, கொப்புளம் கிளம்பிக் காய்ச்சலும் வந்திருக்கிறது. துணைக்கு வந்திருந்தது என் மதினி, அதாவது அவளுடைய அக்கா, பழனிசெட்டிபட்டியில் இருப்பவள். மதினிக்குத் தெரியாத வைத்தியம் கிடையாது. பார்த்தவுடன், "இது அக்கி" என்று தீர்ப்புச் சொல்லிவிட்டாள்.

அக்கி என்றால் எங்கள் பக்கம் பானை செய்கிறவரைத்தான் கூப்பிடுவார்கள். அவர் காவிக்கல்லை உரசிக் குழைத்து, கோழி இறகால் தொட்டு, கொப்புளத்தின் மேல் சிங்கம், நாய் என்று உருவம் எழுதுவார். எழுதின இடத்தில் தண்ணீர் படக் கூடாது. தானாகக் காய்ந்து உதிரவேண்டும். இதுதான் முறை. அன்றைக்கு எழுத வந்த மனிதர் பிற்பாடு என்னிடமே சொன்னார்: "நான் பாத்த ஒடனே சொன்னேங்க, இது அக்கி கணக்கா இல்லையே, கொப்புளம் வேற மாதிரி இருக்கேன்னு. ஒங்க மதினி விடல. எழுத வந்தா எழுதிட்டுப் போ, வைத்தியம் பாக்காதன்னுட்டாக." எழுதினதும் போதாமல், சிவப்பு தெரிந்த இடமெல்லாம் முழங்கால் வரைக்கும் வழித்துப் பூசச் சொல்லியிருக்கிறாள். அவரும் பூசிவிட்டுப் போய்விட்டார்.

நான் திரும்பி வந்த காலையில் வீட்டு வாசலில் செருப்புக் குவியல் கிடந்தது. உள்ளே கூடத்துக் கட்டிலில் அவள் சாய்ந்திருக்கிறாள். சுற்றிலும் சொந்தக்காரர் கூட்டம். ஒருத்தி அவள் படுக்கையிலேயே சம்மணம் போட்டு உட்கார்ந்து மிக்சரைக் கொறிக்கிறாள், உதிர்ந்ததெல்லாம் போர்வையில். யாரோ காபி குடித்த டம்ளரைத் தலையணை ஓரம் வைத்திருக்கிறார்கள், அதன் விளிம்பில் ஈ. உரித்த ஆரஞ்சுத் தோல் கட்டிலுக்கு அடியில். நோயாளியைப் பார்க்க வந்தவர்களா, கறிவிருந்துக்கு வந்தவர்களா என்று எனக்குச் சந்தேகம் வந்தது.

மதினி சிரித்துக்கொண்டே வந்தாள். "வாங்க கொழுந்தனாரே! காச்சல் எறங்கிருச்சு. நேத்து அனலாக் கொதிச்சா. இப்பத் தொட்டுப் பாருங்க, குளுகுளுன்னு இருக்கா. எழுதுன கை ராசி!"

தொட்டுப் பார்த்தேன். குளிர்கிடங்கிலிருந்து எடுத்து வெளியே வைத்த பழம் வியர்க்கும் பாருங்கள், அந்த மாதிரி இருந்தது கை. சில்லென்று, பிசுபிசுவென்று. மூச்சு மட்டும் மலை ஏறி வந்தவளுக்குப் போல வாங்கிக்கொண்டிருந்தது. காலிலிருந்து ஒரு வாடை வந்தது. "என்ன நாத்தம்?" என்றேன். "காவி வாடை" என்றார்கள். காவி எனக்குத் தெரியாதா?

அப்போது அவள் கண்ணைத் திறந்து என்னைப் பார்த்தாள். "வாங்க. எந்த ஊருலருந்து வர்றீக? ஒக்காருங்க. தண்ணி குடிக்கிறீகளா?"

கூட்டம் கொல்லென்று சிரித்தது. மதினி கையைத் தட்டினாள். "பாத்தீகளா! அக்கி எழுதுன கையோட புருசனுக்கு மருவாதியும் வந்திருச்சு!"

கல்யாணமான நாளிலிருந்து அவள் என்னை 'ஏய்யா' என்று கூப்பிட்டுத்தான் பழக்கம். கோபம் வந்தால் அதுவும் கிடையாது. ஊரே எனக்கு எழுந்து நிற்கும்போது உட்கார்ந்தபடியே அதட்டுகிறவள் அவள் ஒருத்திதான். அவள் என்னை வாங்க என்கிறாள், எந்த ஊர் என்று கேட்கிறாள், இந்தக் கூட்டம் சிரிக்கிறது. போர்வையோடு அவளை அள்ளிக் காரில் போட்டேன். இந்த வயதிலும் யார் கையும் வைக்கவில்லை, நானே தூக்கினேன். கூப்பிடாமலே மதினியும் பெரியகுளத்தில் ஆபீஸ் உத்தியோகம் பார்க்கிற அவள் மகனும் பின்சீட்டில் ஏறிக்கொண்டார்கள்.

உத்தமபாளையத்தில் ஒரு சின்ன ஆஸ்பத்திரிக்குப் போனோம். டாக்டர் தியேட்டரில் ஒரு பிரசவ ஆபரேஷனில் இருந்தார். வெளியே பொறுப்பில் இருந்தது ஒரு நர்ஸம்மா. ராயப்பன்பட்டிக்காரி. நடுத்தர வயது. மெதுவாகப் பேசத் தெரியாது, பஸ் கண்டக்டர் மாதிரிக் குரல். அவளை யாரும் சாந்தசொரூபி என்று சொல்லிவிட முடியாது.

வந்ததும் எங்களைப் பார்க்கவில்லை. படுத்திருந்தவளின் நெஞ்சையும் கைக்கடிகாரத்தையும் மாறி மாறிப் பார்த்து மூச்சை எண்ணினாள். நகத்தை அழுத்தி விட்டுப் பார்த்தாள். வெளுத்த நகம் சிவக்க நேரமானது. பிரஷர் பட்டையைக் கட்டி ஊதினாள், முகம் சுருங்கியது, மறுபடி ஊதினாள். விரலில் குத்திச் சர்க்கரை பார்த்தாள். பிறகுதான் எங்கள் பக்கம் திரும்பினாள். சர்க்கரை இருப்பதையும், காலில் கம்பி கீறினதையும், என் வீட்டுக்காரி என்னையே எந்த ஊர் என்று கேட்டதையும் சொன்னேன்.

"கடைசியா எப்ப ஒண்ணுக்குப் போனாக?"

மதினி முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள். "ஆம்பளைக நிக்கிற எடத்துல கேக்குற கேள்வியா இது?"

"ஆம்பளைகளும் போறதுதான ஆத்தா. எப்பப் போனாக, சொல்லுங்க."

"நேத்துக் காலையில போனா போல. யாரு அதையெல்லாம் பாத்துக்கிட்டு!"

"காச்சல் இருந்துச்சா?"

"இருந்துச்சு. எறங்கிருச்சே! அதான் நல்லாயிட்டாளே!"

"எறங்கல. ஒடம்பு ஓஞ்சு போச்சு" என்றாள் நர்ஸம்மா. சுவரிலிருந்த போனை எடுத்துத் தியேட்டருக்குப் பேசினாள். நான் பக்கத்தில் நின்று கேட்டேன். "சார், சுகர் பேஷண்ட், கால்ல புண்ணு. மூச்சு வேகமா இருக்கு, பிரஷர் ரொம்பக் கீழ, கையி காலு சில்லுன்னு இருக்கு, ஆளு தெளிவில்ல, நேத்துலருந்து ஒண்ணுக்குப் போகல. செப்சிஸ்னு நெனைக்கிறேன். நீங்க முடிச்சுட்டு வார வரைக்கும் வச்சிருக்க முடியாது சார்." அந்தப் பக்கம் டாக்டர் ஒரு கேள்வி கூடக் கேட்கவில்லை. "பிளட் கல்ச்சர் எடுத்துக்கிட்டு ஊசியப் போட்ருங்க சிஸ்டர், டிரிப் வேகமா ஓடட்டும். தையலப் போட்டுட்டு ஓடியாரேன்" என்றார்.

அடுத்தது மளமளவென்று நடந்தது. மூக்கில் ஆக்சிஜன். இரண்டு கையிலும் ஊசி. ரத்தத்தைச் சின்னப் பாட்டில்களில் எடுத்து வைத்த பிறகுதான் மருந்தை ஏற்றினாள். "மருந்து மொதல்ல போயிட்டா என்ன கிருமின்னு கண்டுபிடிக்கிறது கஷ்டம்" என்று உதவிக்கு நின்ற பெண்ணிடம் சொன்னது காதில் விழுந்தது. படுத்திருந்தவளின் சேலையை முழங்கால் வரை ஒதுக்கின நர்ஸம்மா அப்படியே நின்றுவிட்டாள்.

"என்ன இது?"

கால் முழுக்கக் காய்ந்த காவி. அதன் மேல் சிங்கம் ஒன்று வாலைத் தூக்கிக்கொண்டு நின்றது.

"பஞ்சையும் சலைனையும் எடு" என்றாள் நர்ஸம்மா.

மதினி குறுக்கே பாய்ந்தாள். "தண்ணி தொடக் கூடாது! அக்கி எழுதியிருக்கு. தொட்டவ கையில ஏறிரும், ஆமா! எந்தங்கச்சிக்கு ஏதாச்சும் ஆச்சு, நீதான் பொறுப்பு!" மகன்காரன் படித்தவன், அவனாவது தாயை இழுப்பான் என்று பார்த்தேன். "சென்டிமென்ட் சிஸ்டர், அத விட்டுட்டு மத்ததப் பாருங்களேன்" என்கிறான், போனைத் தடவிக்கொண்டே.

நர்ஸம்மா அவர்களோடு மல்லுக்கு நிற்கவில்லை. என்னைப் பார்த்தாள். "அய்யா, ஒங்க சம்சாரம். நீங்க சொல்லுங்க. இந்தச் செவப்புக்கு அடியில இருக்குற செவப்ப நான் பாத்தாகணும்."

அவள் சொன்ன மாத்திரத்தில் எனக்குப் பெட்டிதான் கண்ணில் வந்தது. மேலே ஒரு அடுக்கு அழகு. அடியில்? வாழ்நாள் பூராவும் மேலடுக்கைத் தூக்கி எறிந்துவிட்டுப் பார்த்தவன் நான். "கழுவு ஆத்தா" என்றேன். மதினியிடம், "தள்ளி நில்லுங்க மதினி. இல்ல, நான் தள்ளுவேன்" என்றேன். மதினி சுவரோரம் ஒதுங்கினாள். என் குரலுக்கு அந்த வலு உண்டு.

காவி கரைந்து வெள்ளைத் துணியில் ஓடியது. சிங்கத்தின் தலை போயிற்று, வால் போயிற்று. அடியில் இருந்ததை எழுதக் கை கூசுகிறது, ஆனாலும் எழுதுகிறேன். முழங்காலுக்குக் கீழே தோல் தீப்பட்டது போலச் சிவந்து பளபளத்தது. நடுவில், கீறல் இருந்த இடத்தைச் சுற்றி, கருநீலத்தில் ஒரு திட்டு, உள்ளங்கை அகலத்துக்கு. கொப்புளங்களில் கலங்கின நீர். ஒன்று உடைந்ததும் வந்த நாற்றம் அந்த அறையை நிரப்பியது. மகன்காரன் நடையில் போய் வாந்தி எடுத்தான். மதினி மூக்கைப் பொத்திக்கொண்டு சுவர்ப் பக்கம் திரும்பினாள். தானே பூசச் சொல்லி மூடி வைத்த அழுகல், தன் மூக்குக்கே ஆகவில்லை!

நர்ஸம்மா மூக்கைப் பொத்தவில்லை. குனிந்து இன்னும் கிட்டப் போனாள். "நாத்தம் அடிக்கலையா ஆத்தா?" என்றேன்.

"அடிக்குது அய்யா. அதத்தான பாத்துக்கிட்டிருக்கேன். நாத்தமும் நமக்கு ஒரு சேதி சொல்லுதுல்ல?"

அன்றைக்கு அந்த இடத்தில் இரண்டே இரண்டு மூக்குகள்தான் வேலை செய்தன. ஒன்று அவளுடையது, ஒன்று என்னுடையது.

பிறகு அவள் சட்டைப் பையிலிருந்து பேனாவை எடுத்தாள். சிவப்பு முடிகிற விளிம்பை ஒட்டிக் காலைச் சுற்றிக் கோடு போட்டாள், பக்கத்தில் நேரத்தையும் எழுதினாள். சுவர்ப் பக்கமிருந்து மதினி குரல் கொடுத்தாள். "நாங்க காவியில எழுதுனாக் குத்தம், இவ பேனாவுல எழுதுனா வைத்தியமாக்கும்!"

நர்ஸம்மா நிமிரவே இல்லை. "நீங்க எழுதுனது இது போறதுக்கு. நான் எழுதுறது இது எங்கன போகுதுன்னு பாக்குறதுக்கு."

எனக்கு விளங்குகிற மாதிரி அவளே சொன்னாள்: "கிருமி கால்லதான் அய்யா இருக்கு. ஆனா அதோட மல்லுக்கட்டுற வேகத்துல ஒடம்பு தன்னையே அடிச்சுக்குது. பிரஷர் விழும், மூளை மங்கும், கிட்னி நிக்கும். ஒங்கள யாருன்னு கேட்டாகல்ல, அது இதுனாலதான்." மூத்திரக் குழாயைப் போட்டுப் பையைக் கட்டிலோரம் தொங்கவிட்டாள். அதில் ஒன்றும் இறங்கவில்லை. "கிட்னி ஓடுனா ஆளு பொழைக்கும்னு தெம்பா சொல்லலாம். சொட்டு விழுதான்னு பாத்துக்கிட்டே இருங்க. விழுந்தா என்னையக் கூப்பிடுங்க" என்றாள்.

நான் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்தேன். பந்தலில் முப்பது பேர் கை கட்டி நிற்கிற முதலாளி, காலிப் பையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

அதற்குள் வீட்டில் மிக்சர் தின்ற கூட்டம் வேன் பிடித்து வந்து சேர்ந்தது. ஒருத்தன் பரோட்டா பார்சலை வார்டுக்குள்ளேயே பிரித்தான். ஒருத்தி அவள் நெற்றியில் திருநீறு பூச, ஊசி குத்தின கை மேலேயே சாய்ந்தாள். மதினி மகன் வாய் கழுவி வந்து, படுத்திருந்தவளைப் படம் பிடித்துச் சொந்தக்காரர் வாட்ஸப் குழுவில் போட்டான். மூத்திரப் பையைப் பார்த்ததும் கூட்டமே, "சீ, இத மறைக்கக் கூடாதா?" என்றது. நர்ஸம்மா வந்தாள். "நோயாளிய வேடிக்கை பாக்க வந்தவுக எல்லாம் வெளிய. இங்கன ஒருத்தரு போதும். பரோட்டாவ எடு!" மகனைப் பார்த்து, "ஏலே தம்பி, அந்தப் போட்டாவ அழி" என்றாள். வாசலில் நின்று மதினி முணுமுணுத்தது எனக்கு நன்றாகக் கேட்டது: "மூத்திரம் அள்ளுறவளுக்கு இம்புட்டு வாயா."

இதே மதினிதான் தன் மகனுக்கு வந்த நர்ஸுப் பெண் சம்பந்தத்தை, "அந்தக் கையால எங்க வீட்டுல சோறு போடவா?" என்று தட்டிக் கழித்தவள். எந்தக் கை அசிங்கம் என்று அன்றைக்கு நான் பார்த்துக்கொண்டேன்.

டாக்டர் ஆபரேஷன் உடுப்போடு ஓடி வந்தபோது நர்ஸம்மா கோட்டைக் காட்டினாள். சிவப்பு அந்தப் பேனாக்கோட்டைத் தாண்டியிருந்தது. இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். "இப்பவே தொறந்து அழுகுன சதைய எடுக்கணும். கால் நிக்குமா, உசுரு நிக்குமான்னு இப்பச் சொல்ல முடியாது" என்றார் டாக்டர். எத்தனையோ பத்திரத்தில் போட்ட என் கையெழுத்து அந்தச் சம்மதத் தாளில் கோணலாக விழுந்தது. குளிர் அதிகம், ஏசி.

கெண்டைக்காலில் ஒரு குழி விழுகிற அளவுக்குச் சதையை எடுத்துவிட்டு வெளியே கொண்டு வந்தார்கள். நர்ஸம்மா அடிக்கடி வந்து பிரஷர் பார்த்தாள், மூச்சை எண்ணினாள், நுரையீரலில் தண்ணீர் கோத்திருக்கிறதா என்று ஸ்டெதஸ்கோப் வைத்துக் கேட்டாள், டாக்டரிடம் சொல்லி மருந்தைக் கூட்டினாள், குறைத்தாள். கட்டுக்கு மேலே புதிதாக ஒரு கோடு போட்டிருந்தாள். சாயங்காலம் மலைப் பக்கம் வெயில் இறங்கும்போது பார்த்தேன், குழாயில் மஞ்சளாக ஏதோ ஊர்ந்து வந்தது. ஒரு சொட்டு விழுந்தது. பின்னாலேயே இன்னொன்று.

"ஆத்தா! விழுது! விழுது!" என்று நான் போட்ட சத்தத்தில் பக்கத்துக் கட்டில்காரர்கள் எழுந்துவிட்டார்கள். மூத்திரத்தைப் பார்த்து இப்படி ஒரு சந்தோஷம் எனக்கு வரும் என்று யாராவது முன்பு சொல்லியிருந்தால் அறைந்திருப்பேன். நர்ஸம்மா பையைத் தூக்கி அளவு பார்த்துக் குறித்தாள். "விழட்டும். இன்னும் கண்டம் தாண்டல அய்யா, சத்தம் போடாதீக" என்றாள். ஆனால் முகம் தெளிந்திருந்தது. புதுக் கோட்டைச் சிவப்பு தாண்டவில்லை. நடையில் நின்ற சொந்தக்காரர்களிடம் போய், "மூத்திரம் போகுது" என்று சொன்னேன். முகத்தைச் சுளித்தார்கள்.

இரண்டு நாள் கழித்துத்தான் அவளுக்கு நினைவு தெளிந்தது. கண்ணைத் திறந்து, ஸ்டூலில் இருந்த என்னை மேலும் கீழும் பார்த்தாள். "ஏய்யா, இங்கன ஒக்காந்து என் மூத்திரப் பையவா பாத்துக்கிட்டிருக்க? பந்தலுக்குத் தண்ணி பாச்சுறது யாரு?"

ஊரில் எனக்குப் போட்ட மாலைகள் எத்தனையோ. எதுவும் இதற்கு ஈடில்லை.

வீட்டுக்கு வரும் முன்பு கட்டு மாற்ற நர்ஸம்மா எனக்குச் சொல்லிக் கொடுத்தாள். ஒரே தடவையில் பிடித்துக்கொண்டேன். என்னைப் போலக் கட்டுப் போட அந்த ஆஸ்பத்திரியிலேயே ஆள் இல்லை என்பேன். "பெருமையெல்லாம் அப்பறம், மொதல்ல சோப்புப் போட்டுக் கையக் கழுவுங்க" என்றாள் அந்த வாய்க்காரி.

மதினி ஊர் பூராவும் சொல்லி வைத்திருந்த கதையும் என் காதுக்கு வந்தது: எழுதின அக்கி மேல் நர்ஸ் தண்ணீர் பட விட்டதால்தான் சதையை அறுக்க வேண்டியதாயிற்றாம், உயிர் தப்பினது காவியாலாம். அதையும் நம்புகிறார்கள். படித்தவர்களும் தலையாட்டுகிறார்கள். காறித் துப்பலாம் போலிருந்தது.

போன வாரம் மதினியே வீட்டுக்கு வந்தாள். கட்டைப் பிரித்திருந்தேன். குழியில் புதுச்சதை இளஞ்சிவப்பாக வளர்ந்துகொண்டிருந்தது. எட்டிப் பார்த்தவள், "இன்னும் செவப்பு இருக்கேடி. ஒரே ஒரு தடவை எழுதிட்டா..." என்று இழுத்தாள்.

நான் வாயைத் திறப்பதற்குள் என் வீட்டுக்காரி திரும்பினாள். "எழுதணும்னு அம்புட்டு ஆசையா இருந்தா ஒன் கால நீட்டுக்கா. நான் எழுதுறேன்."

மதினி காபி கூடக் குடிக்காமல் போய்விட்டாள். நல்லதாயிற்று. அந்த டம்ளரைக் கழுவுகிற வேலை மிச்சம்.

பஞ்சை நனைத்துப் புண்ணைச் சுத்தம் செய்துவிட்டு, குனிந்து மூக்கைக் கிட்டக் கொண்டுபோனேன். ஒன்றுமில்லை. மருந்து வாடை, அவ்வளவுதான். இன்னொரு தடவை மோந்து பார்த்தேன்.

"என்னய்யா அங்கன, திராச்சப் பெட்டியா?" என்றாள். "கையக் கழுவுனியா, இல்லையா?"